பிரிஸ்பேனில் 6,000 டொலர் கொடுத்தார்களாம், கொக்குவிலில் என்ன கிடைக்கும்?

யாழ்ப்பாணத்துக் கொக்குவிலில் இருந்து ஓர் அக்கா கேட்டிருக்கிறார். ஓய்வுபெற்ற ஆசிரியை. மகன் பிரிஸ்பேனில். "அங்கே மின்சாரக் கார் வாங்கினவர்களுக்கு மாநில அரசு 6,000 டொலர் திருப்பிக் கொடுத்ததாம். மகன் எனக்கு இங்கே ஒரு சின்ன மின்சாரக் கார் எடுத்துத் தரப் போகிறான். மாகாண சபையோ அரசாங்கமோ அப்படி ஏதும் தருமா? என்ன தகுதி வேண்டும், எங்கே விண்ணப்பிப்பது?"

அக்கா, வளைக்காமல் சொல்லிவிடுகிறேன். மின்சாரக் கார் வாங்கினவருக்குக் காசைத் திருப்பிக் கொடுக்கிற திட்டம் இலங்கையில் இல்லை. அதனால் விண்ணப்பப் படிவமும் இல்லை. "சலுகை எடுத்துத் தருகிறேன், கோப்புச் செலவுக்கு இவ்வளவு தாருங்கள்" என்று யாராவது வந்தால் கேற்றடியிலேயே திருப்பி அனுப்பிவிடுங்கள். மாகாண சபையை இதில் எதிர்பார்க்க வேண்டாம். வாகன இறக்குமதி வரி முழுக்க முழுக்க நிதி அமைச்சும் சுங்கமும் பார்க்கிற விடயம். 2013இல் நாங்கள் வாக்குப் போட்டுத் தெரிவுசெய்த வடமாகாண சபையின் காலம் 2018 ஒக்டோபரில் முடிந்தது. சபை இருந்த காலத்திலும் இந்த வரியில் கை வைக்க அதற்கு இடம் இருக்கவில்லை. வாகனத்தால் மாகாணத்துக்கு வருகிற காசு என்றால், முக்கியமாக நீங்கள் வருடா வருடம் எடுக்கிற வருமான அனுமதிப்பத்திரக் கட்டணம்தான்.

அதற்காகச் சலுகையே கிடையாது என்று சொல்ல மாட்டேன். இருக்கிறது, வரிக்குள்ளே இருக்கிறது. கையில் காசாக வராது. காருக்கு நீங்கள் கட்டுகிற விலையில் குறைவாகத் தெரியும், அல்லது தெரியாமலே போகும். 20 வருடத்துக்கு மேல் வங்கியில் இறக்குமதிப் பகுதியில் எல்சி பத்திரங்கள், அதாவது இறக்குமதிக்கு வங்கி கொடுக்கும் கடன் கடிதங்கள், பார்த்தவன் என்ற முறையில் சொல்கிறேன்: காரின் பத்திரத்தில் இருக்கிற இரண்டு மூன்று எண்கள்தான் உங்கள் தகுதி. முற்பணம் கட்டமுதல் அவற்றைப் பார்த்தவர்களுக்குப் பல இலட்சம் மிஞ்சியிருக்கிறது. பார்க்காமல் கட்டியவர்கள் பிறகு என்னிடம் வந்து கேட்டபோது என்னால் ஒன்றும் செய்ய முடிந்ததில்லை.

மகன் பக்கத்துக் கதையை முதலில் சொல்கிறேன். அது விளங்கினால் எங்கள் பக்கம் லேசு. பிரிஸ்பேன் இருக்கிற குயின்ஸ்லாந்து மாநிலம் 2022இல் 3,000 டொலரோடு தொடங்கியது. 2023இல் அதை 6,000 ஆக்கியபோது ஒரு வேலியும் போட்டார்கள். வீட்டில் உழைப்பவர்களின் வரிக்குரிய வருமானம் எல்லாம் சேர்ந்து வருடத்துக்கு 180,000 டொலருக்குள் இருந்தால் 6,000. தாண்டினால் பழைய 3,000தான். கார் புத்தம் புதிதாக இருக்க வேண்டும், விலை 68,000 டொலருக்குள் நிற்க வேண்டும். 2024 செப்டெம்பர் 2ஆம் திகதியோடு திட்டம் மூடப்பட்டது.

மற்ற மாநிலங்களும் இதே அச்சுத்தான். நியூ சவுத் வேல்ஸ் 2021 செப்டெம்பரில் இருந்து, 68,750 டொலருக்குக் குறைந்த கார்களில் முதல் 25,000 பேருக்கு 3,000 டொலர் என்று அறிவித்தது. விக்ரோறியாவும் 3,000 கொடுத்து 2023 ஜூன் 30இல் நிறுத்தியது. பேர்த் இருக்கிற மேற்கு அவுஸ்திரேலியாவில் 70,000 டொலருக்குட்பட்ட 10,000 கார்களுக்கு 3,500 டொலர். அது கடைசிவரை நின்று 2025 மே 10இல் முடிந்தது. ரொறன்ரோவில் இருக்கும் எங்கள் ஆட்கள் 14,000 டொலர் வரை எடுத்த கதை சொல்வார்கள். அதுவும் உண்மை. ஒன்ராறியோ அரசு அதை 2018இலேயே நிறுத்திவிட்டது.

இவற்றில் எதிலும் ஒருவர் நல்லவரா, கஷ்டப்பட்டவரா, எத்தனை வருடம் வரி கட்டியவர் என்று கேட்கவில்லை. எந்த விலை, எந்தத் திகதி, எந்த முகவரி, கார் புதிதா, குயின்ஸ்லாந்தின் கூடிய தொகைக்கு மட்டும் வருமானம், இவ்வளவுதான். திகதி என்றால் என்ன திகதி என்பதிலும் எவ்வளவோ இருக்கிறது. நியூ சவுத் வேல்ஸ் 2024 ஜனவரி 1இல் நிறுத்தியபோது, அதற்கு முதல் முற்பணம் கட்டிவிட்டுக் காருக்காகக் காத்திருந்தவர்களுக்குப் பின்னரும் கொடுத்தார்கள். கார் கைக்கு வந்த நாளை அவர்கள் பார்க்கவில்லை, பற்றுச்சீட்டில் இருந்த நாளைத்தான் பார்த்தார்கள். ஒரு துண்டுக் கடதாசிக்கு 3,000 டொலர்.

மகன் இனி அங்கே இன்னொன்று வாங்குவதாக இருந்தால், மாநிலத்தைத் தேடாமல் வேலை செய்கிற இடத்தில் கேட்கச் சொல்லுங்கள். 2022 ஜூலையில் இருந்து, நிறுவனம் ஊழியருக்கு லீசிங் முறையில் எடுத்துக் கொடுக்கும் மின்சாரக் காருக்கு மத்திய அரசின் சலுகை வரியில், அதாவது ஊழியருக்குக் கொடுக்கும் சலுகைகள் மேல் நிறுவனம் கட்டும் வரியில், விலக்கு இருக்கிறது. 2025–26 நிதியாண்டுக்கு அதன் விலை எல்லை 91,387 டொலர். சம்பளத்தில் வரி பிடிக்கமுதல் தவணை கழிவதால், பலருக்கு அது அந்த 6,000ஐ விடப் பெரிய தொகை.

சரி, இனி எங்கள் பக்கம்.

2020 மார்ச்சில் நின்ற வாகன இறக்குமதி, தனியார் கார்களுக்கு 2025 பெப்ரவரி 1இல் திரும்பத் திறந்தது. அதற்கு முதல் மாதம் வந்த வர்த்தமானியில் உற்பத்தி வரி (எக்சைஸ், இறக்குமதிக் காருக்கும் இது உண்டு) புதிதாக நிர்ணயமானது. பெற்றோல் காருக்கு இயந்திரத்தின் கொள்ளளவைப் பார்க்கிறார்கள். மின்சாரக் காருக்கு மோட்டாரின் வலு, அதாவது எத்தனை கிலோவாற் என்பது. பற்றரி எவ்வளவு பெரியது, எவ்வளவு தூரம் ஓடும் என்பதெல்லாம் இந்த வரிக்குக் கணக்கில்லை. இதைப் பலர் மாறி விளங்கிக்கொண்டிருக்கிறார்கள். கிலோவாற் வேறு, கிலோவாற் மணி வேறு. முதலாவது மோட்டார், இரண்டாவது பற்றரி. விளம்பரத்தில் பெரிய எழுத்தில் இருப்பது அநேகமாக இரண்டாவது.

ஒரு வருடத்துக்கு உட்பட்ட புதுக் காருக்கு அந்த வர்த்தமானியில் வந்த வீதம் இது. மோட்டார் 50 கிலோவாற்றுக்குள் என்றால் கிலோவாற் ஒன்றுக்கு 18,100 ரூபா. 50க்கு மேல் 100 வரை 24,100. 100க்கு மேல் 200 வரை 36,200. 200ஐத் தாண்டினால் 96,600. இதில் கவனிக்க வேண்டியது என்னவென்றால், படி மாறும்போது மேலதிகமான கிலோவாற்றுக்கு மட்டும் கூடிய வீதம் போடுவதில்லை. முழு மோட்டாருக்கும் கூடிய வீதம்தான். வருமான வரி மாதிரிப் படிப்படியாக ஏறும் என்று நினைத்துக் கணக்குப் போட்டால் பிழைத்துவிடும்.

ஒரு பேனா எடுத்து எழுதிப் பாருங்கள். 50 கிலோவாற் மோட்டார் என்றால் 905,000 ரூபா. 51 என்றால் 1,229,100. ஒரு கிலோவாற்றுக்கு 324,100 வித்தியாசம். 100 கிலோவாற் என்றால் 2,410,000. 101 என்றால் 3,656,200. இங்கே ஒரு கிலோவாற்றுக்குப் பன்னிரண்டு இலட்சத்துக்கு மேல். அதோடு நிற்பதில்லை. 18 வீத வட் வரி இந்த உற்பத்தி வரிக்கும் சேர்த்துத்தான் கணக்கிடப்படுகிறது. ஆகவே அந்த 1,246,200 வித்தியாசம் உங்கள் கையில் இருந்து போகும்போது கிட்டத்தட்ட 1,470,000. பிரிஸ்பேன்காரர் திருப்பி வாங்கிய 6,000 டொலரையும் இதையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். எங்கள் சலுகை எங்கே இருக்கிறது என்று அப்போது தெரியும்.

அதனால்தான் இங்கே விற்க வருகிற சின்னக் கார்கள் பல 50, 70, 100 என்ற எண்களில் வந்து நிற்கின்றன. 70 கிலோவாற் கார் ஒன்றுக்கு 1,687,000 வரும். யாழ்ப்பாணத்துக்குள் ஓட உங்களுக்கு அதற்கு மேல் தேவையும் இல்லை. கொக்குவிலில் இருந்து பருத்தித்துறைக்கு 35 கிலோமீற்றருக்குள்தான். காங்கேசன்துறை அதிலும் கிட்ட. ஆனையிறவு வரைக்கும் மேடு என்று சொல்ல ஒரு மேடு கிடையாது. தட்டைத் தரையில் இரண்டு பேர் கோயிலுக்கும் ஆஸ்பத்திரிக்கும் போய்வர 150 கிலோவாற் மோட்டார் எதற்கு?

அந்த எண் பத்திரத்தில் எப்படி எழுதப்பட்டிருக்கிறது என்பதில்தான் நான் அழுத்தமாகச் சொல்ல விரும்புகிறேன். 2025இல் ஒரு சீன வகைக் கார்கள் நூற்றுக்கணக்கில் கொழும்பில் சுங்கத்தில் மறிக்கப்பட்டன. பத்திரத்தில் மோட்டார் 100 கிலோவாற். அதே பெயருள்ள கார் வேறு நாடுகளில் 150 கிலோவாற்றாக விற்கப்படுகிறது. மோட்டாரின் உண்மையான வலு எது என்பதுதான் பிணக்கு. 100 என்றால் உற்பத்தி வரி 2,410,000. 150 என்றால் 5,430,000. காருக்குக் கார் முப்பது இலட்சத்து இருபதாயிரம் வித்தியாசம். விடயம் மேன்முறையீட்டு நீதிமன்றம் வரை போய், வங்கி உத்தரவாதம் வைத்துத்தான் கார்கள் வெளியே வந்தன. முற்பணம் கட்டிவிட்டு மாதக்கணக்காகக் காத்திருந்தவர்களில் எனக்குத் தெரிந்த ஒரு குடும்பமும் இருந்தது. அவர்கள் செய்த பிழை ஒன்றும் இல்லை. ஆனால் ஒப்பந்தத்தில் "வரி கூடினால் யார் கட்டுவது" என்று ஒரு வரி இருந்திருந்தால் அந்த மாதங்களில் நிம்மதியாக நித்திரை கொண்டிருப்பார்கள்.

ஆகவே அக்கா, விற்பவரிடம் இருந்து வாங்கும் விலைக் கடிதத்தில் மூன்று விடயம் எழுத்தில் இருக்க வேண்டும்: மோட்டாரின் உச்ச வலு கிலோவாற்றில், உற்பத்தி ஆண்டும் மாதமும், விலையில் எல்லா வரியும் அடக்கமா என்பது. வாயால் சொல்வது கணக்கில்லை. நான் பார்த்த ஒரு விலைக் கடிதத்தில் காரின் நிறம், இருக்கை உறை, இலவசக் கால்மிதி எல்லாம் விபரமாக இருந்தது. மோட்டார் வலு என்ற கட்டத்தில் ஒரு சின்னக் கோடு மட்டும் இழுத்திருந்தார்கள். அந்தக் கோட்டை எண்ணாக மாற்றித் தரும்வரை காசு கட்ட வேண்டாம் என்று சொல்லி அனுப்பினேன். ஒரு கிழமையில் எண்ணோடு கடிதம் வந்தது.

அடுத்தது பெறுமதி. சொகுசு வரி என்று ஒன்று இருக்கிறது. மின்சாரக் காருக்கு அதன் எல்லை 60 இலட்சம் ரூபா. கப்பல் கூலியும் காப்புறுதியும் சேர்ந்து துறைமுகத்துக்கு வரும் பெறுமதியைத்தான் இதற்குப் பார்க்கிறார்கள், இங்கே கடையில் போட்டிருக்கும் விலையை அல்ல. 60 இலட்சத்தைத் தாண்டுகிற பகுதிக்கு 60 வீதம். பெற்றோல் காருக்கு எல்லை 50 இலட்சம், வீதம் 100. மின்சாரத்துக்குக் கொடுத்திருக்கும் இன்னொரு சலுகை இது. சின்னக் கார் வாங்குகிறவர்கள் இந்தப் பக்கம் வரத் தேவையில்லை. ஆனால் டொலர் ஏறுகிற நேரத்தில், எல்லைக்குக் கிட்ட நிற்கிற கார் ஒன்று தானாகவே மேலே போய்விடும். இவற்றை விட, 2025இல் 20 வீத சுங்க வரியும் அதன் மேல் 50 வீத மேலதிகக் கட்டணமும் போட்டார்கள். அவை எல்லாக் கார்களுக்கும் பொது என்பதால் அதில் தெரிவு செய்ய ஒன்றும் இல்லை. வர்த்தமானி வீதம் இடையில் மாறுகிற சாமான். பத்திரம் கையெழுத்திடுகிற கிழமையில் சுங்கத் திணைக்களத்தின் அட்டவணையை ஒருமுறை பார்த்துக்கொள்ளுங்கள்.

மூன்றாவது வயது. ஜப்பானில் ஓடிய கார் மலிவு என்று சொல்வார்கள். ஒரு வருடம் தாண்டிய மின்சாரக் காருக்குக் கிலோவாற் ஒன்றுக்கான வீதம் புதியதை விடக் கூட. மூன்று வருடம் தாண்டிய கார் இறக்குமதிக்கே எடுபடாது. அங்கே மலிவாக வாங்கியது இங்கே வரியில் போய்விடும். பழைய பெற்றோல் காருக்குப் பழக்கப்பட்டவர்களுக்கு இது தலைகீழாகத் தெரியும். கணக்கைப் போட்டுப் பார்த்தால் மின்சாரத்தில் பல வேளைகளில் சின்னப் புதுக் காரே திறம்.

"மகன் வெளிநாட்டில் இருந்து காசு அனுப்புகிறான், அதற்குத் தனி அனுமதி இல்லையா" என்று அநேகம் பேர் கேட்கிறார்கள். இருந்தது. 2022இல் டொலர் இல்லாமல் நாடு தவித்தபோது, அந்த வருடம் மே 1க்குப் பிறகு வங்கி வழியாகக் காசு அனுப்பிய வெளிநாட்டுத் தொழிலாளர்களுக்கு, அனுப்பிய தொகையின் பாதிப் பெறுமதிக்கு ஒரு மின்சார வாகனம் இறக்க அனுமதி கொடுத்தார்கள். மற்றவர்களுக்கு இறக்குமதி பூட்டிக் கிடந்த காலத்தில் அந்த அனுமதியே பெரிய காரியம். ஆனால் வரி கட்டத்தான் வேண்டும். உண்டியலில், அதாவது வங்கிக்கு வெளியே ஆட்கள் மூலம், அனுப்பியவர்களுக்கு ஒன்றும் கிடைக்கவில்லை, ஏனென்றால் காட்ட வங்கிச் சீட்டு இல்லை. அந்தத் திட்டம் முடிந்துவிட்டது. இப்போது இறக்குமதி எல்லோருக்கும் திறந்திருப்பதால் அதன் தேவையும் போய்விட்டது. பழைய அனுமதிப் பத்திரம் இருக்கிறது, பெயர் மாற்றித் தருகிறேன் என்று யாரும் வந்தால் காதில் வாங்க வேண்டாம். இருந்தாலும் மகனை வங்கி மூலமே அனுப்பச் சொல்லுங்கள். இவ்வளவு பெரிய தொகை எங்கிருந்து வந்தது என்று நாளைக்கு இறைவரித் திணைக்களம் கேட்டால் அந்தச் சீட்டு உங்களைக் காப்பாற்றும். 2025 ஏப்ரலில் இருந்து கார் பதியவும் பெயர் மாற்றவும் வரி செலுத்துநர் அடையாள இலக்கம் வேண்டும். ஓய்வூதியக்காரர் என்றாலும் எடுத்து வையுங்கள். இலக்கம் எடுத்ததும் வரி கட்ட வேண்டும் என்று பயப்பட வேண்டாம், அது வேறு கணக்கு.

நாட்டுக்குள் ஏற்கெனவே ஓடுகிற மின்சாரக் காரை வாங்கினால் மேலே சொன்ன வரிக் கணக்கு ஒன்றும் உங்களைத் தொடாது. முதல் ஆள் கட்டிய வரி விலைக்குள் இருக்கிறது. யாழ்ப்பாணத்தில் அப்படி விற்பனைக்கு வருவதில் பெரும்பாலானவை நிசான் லீஃப். நானும் அதைத்தான் வைத்திருக்கிறேன், 2014ஆம் ஆண்டுக் கார். அதில் எனக்கு நடந்ததைச் சொல்கிறேன். ஸ்டியரிங்குக்குப் பின்னால் இருக்கிற திரையில், வலது கரையில் சின்னச் சின்னக் கோடுகளாக ஓர் ஏணி இருக்கும். 12 கோடு என்றால் பற்றரி புதிது. முதல் கோடு விழும்போதே 15 வீதம் அளவு போயிருக்கும். நான் கொழும்பில் ஒரு விற்பனை நிலையத்தில் பார்த்தபோது 11 கோடு காட்டியது. சந்தோஷமாக ஓட்டிக்கொண்டு வந்தேன். இரண்டு மாதத்தில் 9. பிறகு 8. பற்றரியைக் கவனிக்கும் கணினியின் பழைய பதிவை அழித்துவிட்டால் கோடுகள் திரும்ப ஏறி நிற்கும், சில கிழமை ஓடியபின் உண்மை நிலைக்கு இறங்கும் என்பது எனக்கு அப்போது தெரியாது. அந்த லீஃபின் பற்றரிக்குக் குளிர்விக்கும் திரவம் கிடையாது. சும்மா காற்றில் ஆறுகிற பற்றரி. எங்கள் சித்திரை வெயிலில் அது எப்படி ஆறும்? இப்போது பருத்தித்துறை போய்த் திரும்பி வரும்போது ஏசியை நிறுத்திவிட்டுத்தான் வருகிறேன்.

பழையது வாங்குவதாக இருந்தால் கோட்டை எண்ணி முடிவெடுக்காதீர்கள். முழுதாக ஏற்றிய காரை 40 கிலோமீற்றர் ஓட்டி, எத்தனை வீதம் இறங்குகிறது என்று பாருங்கள். விற்பவர் அதற்கு மறுத்தால் திரும்பி வந்துவிடுங்கள். புதுச் சின்னக் கார்களின் பற்றரிகளில் பெரும்பாலானவை திரவத்தால் குளிர்பவை. அதையும் விலைக் கடிதத்தில் கேட்டு எழுதி வாங்கலாம்.

வீட்டில் ஏற்றுவது பற்றி ஒன்று. வீட்டு மின்கட்டணம் படி முறை. மாதம் 180 அலகைத் தாண்டினால் மிகக் கூடிய படிக்குப் போய்விடும், கார் உங்களை அங்கே தள்ளும். மூன்று கட்ட இணைப்பு உள்ள வீடுகளுக்கு நேர வாரியான கட்டண முறை ஒன்று இருக்கிறது. அதில் இரவு 10.30இல் இருந்து காலை 5.30 வரை மலிவு, மாலை 6.30இல் இருந்து 10.30 வரைதான் கூடிய விலை. படுக்கப் போகிற நேரத்தில் கொழுவிவிட்டால் போதும். கூரையில் சூரியத் தகடு போட்டிருந்தால் இந்தக் கணக்கு வேறு. அதற்கும் காருக்கும் சேர்த்து ஒரு நாள் உங்கள் மின்பட்டியலை வைத்துக்கொண்டுதான் கதைக்க வேண்டும். இன்னொரு சின்ன நன்மையும் உண்டு. புகை இல்லாத வாகனம் என்பதால் வருடாந்த அனுமதிப்பத்திரத்துக்குப் புகைப் பரிசோதனை தேவையில்லை.

இப்போது நீங்கள் செய்ய வேண்டியது ஒன்றுதான். மகன் எந்தக் காரை மனதில் வைத்திருக்கிறாரோ, அதற்கு விற்பவரிடம் எழுத்தில் விலைக் கடிதம் கேளுங்கள். மோட்டார் வலு, உற்பத்தி மாதம், வரி அடக்கமா, வரி கூடினால் யார் கட்டுவது, இந்த நான்கும் அதில் இருக்கட்டும். வந்ததும் படம் எடுத்து அனுப்புங்கள். முற்பணம் கட்டமுதல் நான் ஒருமுறை பார்த்துச் சொல்கிறேன்.